வீட்டுக்காரரே கதவைத் திறந்து காட்டும் விக்டோரியன் வீடு: சான் பிரான்சிஸ்கோ போகிறவர்கள் என்னிடம் கேட்கும் கேள்விகள்

ஊரிலிருந்து யார் வந்தாலும் கோல்டன் கேட் பாலத்தைப் பார்த்த கையோடு அவர்களைப் பழைய மர வீடுகள் இருக்கும் தெருக்களுக்குக் கூட்டிப் போவது என் வழக்கம். வீட்டுக்காரர்கள் வாசலைத் திறந்துவிடும் நாட்களில் தொண்டராக ஓர் அறையில் நின்று, வருகிறவர்களுக்கு விவரம் சொல்லியும் இருக்கிறேன். அப்போதெல்லாம் திரும்பத் திரும்ப வந்த கேள்விகளை இங்கே எழுதுகிறேன்.

இங்கிலாந்து ராணியின் பெயர் அமெரிக்க வீட்டுக்கு எப்படி வந்தது?

காலக் கணக்குக்காக வந்தது. விக்டோரியா ராணி 1837 முதல் 1901 வரை ஆண்டார். அந்தக் காலத்திலும் அதை ஒட்டியும் கட்டியவற்றை எந்த நாட்டில் இருந்தாலும் விக்டோரியன் என்று சொல்லிவிடுகிறார்கள். சென்னை உயர் நீதிமன்றம் 1892-இல் திறக்கப்பட்டது. அதே ஆண்டில்தான் மேத்யூ கவனா என்ற கட்டுமானக்காரர் சான் பிரான்சிஸ்கோவில் அலாமோ சதுக்கத்துக்கு எதிரே, ஸ்டைனர் தெரு 722-ஆம் எண்ணில் தனக்கு வீடு கட்டிக்கொண்டார். அதை ஒட்டி 1896-க்குள் அவர் வரிசையாகக் கட்டிய வீடுகளைத்தான் 'பெயிண்டட் லேடீஸ்' என்ற பெயரில் எல்லா வாழ்த்து அட்டையிலும் பார்க்கிறோம். சென்னையில் செங்கல்லும் கல்லும், இங்கே அடி முதல் முடி வரை மரம்.

ஏன் எல்லாமே மரம்?

பக்கத்தில் கிடைத்ததால். வடக்கே மெண்டசினோ, ஹம்போல்ட் கடற்கரைக் காடுகளில் ரெட்வுட் மரங்கள் கோபுர உயரத்துக்கு நின்றன. அவற்றை வெட்டி, அங்கேயே அறுத்து, பாய்மரக் கப்பலில் ஏற்றி ஊருக்கு அனுப்பினார்கள். முற்றிய ரெட்வுட் நேர் இழையோடு வரும், சுலபத்தில் முறுக்காது, அழுகலுக்கும் பூச்சிக்கும் நன்றாகத் தாங்கும், உளிக்கும் வாளுக்கும் இசைந்து கொடுக்கும்.

1849-இல் தங்கத்தைத் தேடி ஓடிவந்த கூட்டத்தால் ஒரே மூச்சில் வளர்ந்த ஊர் இது. 1873-இல் கேபிள் கார் ஓட ஆரம்பித்தபின் குதிரை ஏற முடியாத மேடுகளிலும் மனை போட்டார்கள். பெரும்பாலான மனைகளுக்கு அகலம் 25 அடிதான். இரண்டு பக்கமும் அடுத்த வீட்டுச் சுவர் ஒட்டி நிற்கும்போது வெளிச்சம் முன்னாலும் பின்னாலும்தான் வர முடியும். தெருவைப் பார்த்து மூன்று முகத்தோடு துருத்திக்கொண்டு நிற்கும் அந்தச் சன்னல்கள் அழகுக்கு மட்டும் வந்தவை அல்ல. மூன்று திசையிலிருந்து வெயிலைப் பிடிக்கிற ஏற்பாடு அது.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். முகப்பில் தொங்கும் பூவேலை, கடைசல் தூண், சுருள் எல்லாம் அந்தக் காலத் தச்சர் ஒவ்வொரு வீட்டுக்கும் உட்கார்ந்து செதுக்கியவை என்று பலரும் நினைக்கிறார்கள். பெரும்பகுதி நீராவி இயந்திரத்தில் ஓடிய மரப்பட்டறையில் அடுக்கடுக்காகச் செய்து, அட்டவணைப் புத்தகத்தில் படம் போட்டு விற்றவை. 1870-களில் 'ரியல் எஸ்டேட் அசோசியேட்ஸ்' என்ற ஒரே நிறுவனம் இந்த ஊரில் ஆயிரம் வீடுகளுக்கு மேல் கட்டித் தவணையில் விற்றது. இன்று அந்தப் பட்டறைகள் இல்லை. ஒரு சுருள் உடைந்தால் மாதிரி எடுத்து ஒரு தச்சரோ வீட்டுக்காரரோ கையால்தான் செய்ய வேண்டும். அன்றைக்கு இயந்திரம் செய்ததை இன்றைக்குக் கை செய்கிறது. வீட்டுக்காரரோடு போகும்போது இதை மனதில் வைத்துக்கொண்டால் பார்வையே மாறிவிடும்.

தெருவில் நின்றே எந்தக் காலத்து வீடு என்று கண்டுபிடிக்க முடியுமா?

ஓரளவு முடியும். மேலே தட்டையாகத் தெரிந்து, கூரை விளிம்பில் கனமான தாங்கு கட்டைகள் இருந்தால் அது இத்தாலிய பாணி, 1870-கள். அதில் பல வீடுகளின் மூலைகளில் மரத்தையே கல் அடுக்கியதுபோல வெட்டி வைத்திருப்பார்கள். எல்லாம் நேர்கோடும் சதுரமுமாக, சன்னலின் நெடுக்கே பட்டைச் சட்டங்கள் ஓடினால் 'ஸ்டிக்' பாணி, 1880-கள். முக்கோண முகடு, மீன் செதில்போல அடுக்கிய மரச் சில்லுகள், மூலையில் கூம்புத் தொப்பி போட்ட கோபுரம் என்றால் 'குவீன் ஆன்', 1890-களை ஒட்டியது. கலப்பு நிறைய உண்டு.

வீட்டின் சரியான வயது வீட்டுக்காரருக்கு எப்படித் தெரியும்? பத்திரத்திலா?

1906 ஏப்ரல் 18 விடியற்காலை 5 மணி 12 நிமிடத்துக்கு நிலம் ஆடியது. அடுத்து வந்த தீயில் நகர மன்றத்து ஆவணங்கள் பெரும்பாலும் சாம்பலாகிவிட்டன. கட்டட அனுமதியைத் தேடிப் போனால் வெறுங்கைதான்.

அதனால் இங்கே தண்ணீரைப் பிடிக்கிறார்கள். அப்போது ஊருக்குத் தண்ணீர் கொடுத்தது ஸ்பிரிங் வேலி என்ற தனியார் நிறுவனம். ஒவ்வொரு வீட்டுக்கும் குழாய் இணைப்பு கேட்டு யார், எந்தத் தேதியில் விண்ணப்பித்தார் என்ற அதன் பதிவுகள் பிழைத்தன. வீடு கட்டும்போதே தண்ணீர் தேவை என்பதால் குழாய்த் தேதிதான் வீட்டின் பிறந்த தேதிக்கு மிக நெருக்கமான சாட்சி. தன் வீட்டுக் குழாய் விண்ணப்பத்தின் நகலைச் சட்டம் போட்டு வீட்டு நடையில் மாட்டி வைத்திருந்த ஒருவரைப் பார்த்தேன். கொள்ளுத் தாத்தா படத்துக்குக் கொடுக்கிற மரியாதையை அதற்குக் கொடுத்திருந்தார்.

ஊரே எரிந்தது என்கிறார்கள். இவ்வளவு வீடுகள் எப்படி மிஞ்சின?

தீ மூன்று நாளைக்கு மேல் எரிந்தது. சுமார் 28,000 கட்டடங்கள் போயின. தண்ணீர்க் குழாய்கள் உடைந்து கிடந்ததால் அணைக்க வழியில்லை. கடைசியில் வான் நெஸ் என்ற அகலச் சாலையைக் கோடாக வைத்து, அதன் ஓரத்து மாளிகைகளை வெடி வைத்துத் தகர்த்து, தீக்குத் தீனி இல்லாமல் செய்தார்கள். சில இடங்கள் நீங்கலாகத் தீ அந்தச் சாலையைத் தாண்டவில்லை. அதற்கு மேற்கே இருந்தவை தப்பின. அலாமோ சதுக்கத்திலிருந்து கீழே எரிவதை மக்கள் நின்று பார்த்தார்கள். இன்று நாம் படம் எடுக்க நிற்கும் அதே புல்மேடு.

மியூசியத்துக்குப் போவதற்கும் வீட்டுக்காரரோடு போவதற்கும் என்ன வித்தியாசம்?

இரண்டையும் பாருங்கள், ஆனால் மியூசியத்தை முதலில். ஃபிராங்க்ளின் தெரு 2007-ஆம் எண்ணில் ஹாஸ்-லிலியந்தால் வீடு இருக்கிறது. பவேரியாவிலிருந்து வந்து மளிகை மொத்த வியாபாரம் செய்த வில்லியம் ஹாஸ் 1886-இல் கட்டியது. ஒரே குடும்பம் 1972 வரை அங்கேயே வாழ்ந்து, பிறகு நகரின் பாரம்பரியக் கட்டடங்களைக் காக்கும் அமைப்பிடம் ஒப்படைத்தது. கட்டிய காலத்து அறைகள், சாமான்களோடு கிடைப்பது அபூர்வம். எது அசல் என்று கண்ணுக்குப் பழக்கம் பிடிக்க இதைவிட நல்ல இடம் இல்லை. திறந்திருக்கும் நாட்களை முன்கூட்டிப் பார்த்துக்கொண்டு போங்கள்.

ஆனால் அங்கே கயிறு கட்டியிருக்கும். வழிகாட்டி படித்ததைச் சொல்வார், நன்றாகவே சொல்வார். வீட்டுக்காரரோ எந்தப் படி கிறீச்சிடும், எந்த மாதத்தில் எந்தச் சன்னல் இறுகும், மழை எந்த மூலையில் இறங்கும் என்று சொல்வார். அந்த வீட்டில் அவருக்குச் சளி பிடித்திருக்கிறது, பிள்ளை பிறந்திருக்கிறது. கூரைக்கான கடனை இன்னும் கட்டிக்கொண்டிருக்கிறார்.

அப்படிப்பட்ட வாய்ப்பு எங்கே கிடைக்கும்?

பழைய வீடுகளைக் காப்பாற்றுகிற உள்ளூர்ச் சங்கங்கள், பெரும்பாலும் ஆண்டுக்கு ஒரு முறை, சில வீடுகளைச் சேர்த்து ஒரு பிற்பகல் திறந்துவைப்பார்கள். சீட்டு வாங்கினால் வீடுகளின் பட்டியல் கையில் கிடைக்கும். தங்கும் விடுதியாக நடத்தும் வீடுகளில் காலை உணவுக்குப் பிறகு வீட்டுக்காரரிடம் மெல்லக் கேட்டால் சுற்றிக்காட்டாமல் விடமாட்டார். மற்ற வீடுகள் தனியார் குடியிருப்பு. படிக்கட்டில் ஏறி உட்கார்ந்து படம் எடுப்பது, சன்னலில் எட்டிப் பார்ப்பது எல்லாம் அடுத்தவர் வீட்டுத் திண்ணையில் கேட்காமல் ஏறுவது போல. நம் ஆட்களும் இதைச் செய்கிறார்கள். வேண்டாமே.

செருப்பைக் கழற்ற வேண்டுமா?

வாசலில் துணி உறை கொடுத்தால் போட்டுக்கொள்ளுங்கள். கொடுக்காவிட்டாலும் நீங்களாகவே கழற்றினால் அவர் முகம் மலரும். குதிகால் உயர்ந்த செருப்பு மட்டும் கூடாது. அந்தப் பைன் பலகைத் தரை மென்மையானது, ஒரு குதிகால் குழி விழுந்தால் நிரந்தரம். தோள்பையை முன்பக்கம் மாட்டிக்கொள்ளுங்கள். நடை குறுகலாக இருக்கும், சுவரில் உரசும்.

உள்ளே போனதும் எதைப் பார்ப்பது? எங்கே திரும்பினாலும் சாமானாக இருக்கிறதே!

சாமானை விடுங்கள். அது பெரும்பாலும் பின்னால் வாங்கியது. வீட்டையே பாருங்கள்.

நுழைந்ததும் நடை. பக்கத்தில் முன்கூடம், அதை அடுத்து பின்கூடம். முன்கூடம் விருந்தாளிக்கு, பின்கூடம் வீட்டாருக்கு. செலவு செய்து கூரை நடுவில் பதித்த பூவேலை, பளிங்குக் கணப்பு (குளிர்காயச் சுவரில் கட்டிய அடுப்பு), அகலமான மரவேலை எல்லாம் முன்னால் இருக்கும். பின்னால் போகப் போக வேலைப்பாடு எளிமையாகும், மாடிக்குப் போனால் இன்னும் எளிமை. பளிங்கு என்று நினைக்கும் கணப்பு சில சமயம் பளிங்கு நிறம் தீட்டிய கரும்பலகைக் கல்லாக இருக்கும். அது மோசடி இல்லை. அந்தத் தீட்டும் வேலையே தனிக் கலையாக மதிக்கப்பட்டது.

இரண்டு கூடங்களுக்கு நடுவில் நிலையைப் பாருங்கள். சுவருக்குள் போய் ஒளிந்துகொள்ளும் இரட்டைக் கதவு இருக்கும். இரண்டாம் உலகப் போரின்போது கப்பல் பட்டறை வேலைக்கு ஆட்கள் குவிந்தார்கள். பெரிய வீடுகளை அறை அறையாகத் தடுத்து வாடகைக்கு விட்டார்கள். தடுப்பு போடும்போது இந்தக் கதவுகளை உள்ளே தள்ளி மேலே பூசி மறைத்துவிட்டார்கள். நான் போன ஒரு வீட்டில் அந்த அம்மா முப்பது வருடத்துக்கு முன் வீட்டை வாங்கியபோது அங்கே வெறும் சுவர்தான் இருந்ததாம். தரையில் ஒரு பித்தளைத் தண்டவாளம் சுவருக்குள் போய் மறைவதைக் கவனித்திருக்கிறார். அதைப் பின்பற்றி ஒரு கை நுழையும் அளவு பூச்சை உடைத்துப் பார்த்தால், உள்ளே இருட்டில் கதவு, ஒரு கீறல்கூட இல்லாமல். எங்களுக்கு முன்னால் அதை ஒற்றை விரலால் இழுத்துக் காட்டினார். நூறு வருடக் கதவு சத்தமே இல்லாமல் வந்தது.

பிறகு சன்னல். மேலும் கீழும் நகரும் சட்டம், எங்கே நிறுத்தினாலும் அங்கேயே நிற்கும். எப்படி என்று கேளுங்கள். பெரும்பாலான வீட்டுக்காரர்கள் சந்தோஷமாகக் காட்டுவார்கள். நிலைக்கட்டையின் பக்கத்தில் கீழ்ப்பாகத்தில் ஒரு சின்னப் பலகைத் துண்டு தனியாகப் பொருத்தியிருக்கும். ஒரு திருகாணியைக் கழற்றினால் கையில் வந்துவிடும். உள்ளே கூடுபோன்ற இடத்தில் வெள்ளரிக்காய் நீளத்துக்கு ஓர் இரும்புக் குண்டு, பருத்திக் கயிற்றில் தொங்கும். கயிறு மேலே போய்க் கப்பியில் ஏறிச் சன்னல் சட்டத்தில் முடிகிறது. கிணற்று ராட்டினத்தின் மறுபக்கத்தில் எடை கட்டியதுபோல. கயிறு அறுந்துபோனால் அந்தக் குண்டை வெளியே எடுத்துப் புதுக் கயிறு கட்டினால் போதும். அந்த வசதிக்காகவே கட்டியவர் அந்தச் சின்னக் கதவை வைத்திருக்கிறார். பழுது வரும், ஒருவர் வந்து சரி செய்வார் என்று நினைத்துக் கட்டிய வீடு இது. எனக்கு இந்த வீடுகள்மேல் இருக்கும் மரியாதைக்குப் பாதிக் காரணம் அந்தப் பலகைத் துண்டுதான்.

அப்படியே கண்ணாடியையும் பாருங்கள். எதிர்வீட்டுக் கோடு லேசாக நெளிந்து தெரிந்தால் பழைய கண்ணாடி.

சுவரில் தோல்போலப் புடைத்திருப்பது என்ன? தொட்டுப் பார்க்கலாமா?

தொடாதீர்கள், கேளுங்கள். அது அநேகமாக லிங்க்ரஸ்டா. லினோலியம் தரை விரிப்பைக் கண்டுபிடித்த ஃபிரெடரிக் வால்ட்டன் 1877-இல் கொண்டுவந்தது. ஆளி விதை எண்ணெயைக் கெட்டியாக்கி, உருளையில் அழுத்திப் பூவேலை எடுத்து, அதன்மேல் தோல்போலவோ மரம்போலவோ நிறம் கொடுப்பார்கள். வீட்டு நடையிலும் மாடிப்படி ஓரத்திலும் இடுப்பளவு உயரத்துக்கு ஒட்டியிருப்பார்கள், உரசினாலும் தாங்கும் என்பதால். கூரையில் ஒட்டியிருக்கும் வண்ண வண்ணக் காகிதங்கள் புதியவையாக இருக்கலாம். பெனிசியா ஊரில் தொடங்கிய பிராட்பரி அண்ட் பிராட்பரி அந்தக் காலத்துக் கோலங்களை மறுபடி கையால் அச்சிட்டுக் கொடுத்தது. ஒரு கூரைக்கு டஜன் கணக்கில் துண்டுகள் வெட்டிப் பொருத்த வேண்டியிருக்கும். யார் ஒட்டினார்கள் என்று கேட்டுப் பாருங்கள், பல வீடுகளில் "நாங்களே" என்று பதில் வரும்.

வீட்டுக்காரரிடம் என்ன கேட்பது நல்லது?

அவர் கை பட்டதைக் கேளுங்கள். என் அனுபவத்தில் இந்த ஒரு யோசனைதான் மற்ற எல்லாவற்றையும்விடப் பயன்பட்டது.

"இது எந்த வருடத்துச் சாமான்?" என்று கேட்டால் ஒரு வரியில் பதில் முடிந்துவிடும். "வாங்கும்போது இந்த அறை எப்படி இருந்தது?" என்று கேட்டால் அவர் உட்கார்ந்துவிடுவார், அல்லது ஆல்பத்தை எடுத்து வருவார். எந்த வேலை அதிக நாள் பிடித்தது? எதைத் தெரியாமல் கெடுத்துவிட்டு மறுபடி செய்தீர்கள்? எதை வேண்டுமென்றே சரி செய்யாமல் விட்டீர்கள்? இந்தக் கடைசிக் கேள்வி முக்கியமானது. ஒரு வீட்டில் சமையலறைக் கதவு நிலையில் பென்சில் கோடுகள், பக்கத்தில் தேதிகள். முன்பு குடியிருந்த ஏதோ குடும்பத்துப் பிள்ளைகளின் உயரம். நிலை முழுக்கப் பெயிண்ட் அடித்திருந்தார்கள், அந்த ஒரு சாண் அகலத்தை மட்டும் விட்டுவிட்டு.

முகப்பைப் பற்றியும் கேளுங்கள். இருபதாம் நூற்றாண்டின் நடுவில் பூவேலையையெல்லாம் பிய்த்து எறிந்துவிட்டுச் சிமெண்ட் பூச்சோ கல்நார் ஓடோ போர்த்திவிடும் பழக்கம் பரவியது. அதை இப்போது உரிக்கும்போது அடியில் பழைய ரெட்வுட் பலகை அப்படியே இருக்கும். அதில் எங்கெங்கே பூவேலை ஆணி அடித்து நின்றதோ அங்கெல்லாம் பெயிண்ட் ஏறாத வடிவம் நிழல்போலத் தெரியும். அந்தத் தடத்தின்மேல் காகிதம் வைத்து வரைந்து, அதே அளவில் புதுச் சுருள் அறுத்துப் பொருத்துவார்கள். போன பொருள் விட்டுப் போன அச்சிலிருந்தே அதை மீட்பதை நான் முதன்முதலில் பார்த்தபோது வெகுநேரம் அந்தச் சுவரடியிலேயே நின்றுவிட்டேன்.

அவர் சொல்வதையெல்லாம் அப்படியே நம்பலாமா?

கையால் செய்ததைச் சொன்னால் நம்புங்கள். காதால் கேட்டதைச் சொன்னால் ரசித்துக் கேட்டுவிட்டு, வீடு வந்து சரி பாருங்கள். இரண்டு கதைகளை ஏறக்குறைய எல்லா வீட்டிலும் கேட்கலாம்.

முதலாவது, மாடிப்படி திரும்பும் இடத்தில் சுவரில் இருக்கும் மாடம். சவப்பெட்டியை இறக்கும்போது திருப்புவதற்காக வைத்தது என்பார்கள். பக்கத்தில் நின்று பார்த்தாலே தெரியும், பல மாடங்களின் ஆழம் ஒரு முழம்கூட இருக்காது, அடிப்பாகம் இடுப்புக்கு மேல் இருக்கும். சிலையோ பூச்சாடியோ வைக்கத்தான் அந்த மாடம். இறந்தவரை முன்கூடத்தில் கிடத்தி வைக்கும் வழக்கம் இருந்தது உண்மை. அதற்குப் பெட்டியை மாடிக்கு ஏற்ற வேண்டிய அவசியமே இல்லை.

இரண்டாவது, துணி வைக்கும் சுவர் அலமாரியைத் தனி அறையாகக் கணக்கிட்டு வரி போட்டார்கள், அதனால்தான் அந்தக் கால வீட்டில் அலமாரி குறைவு என்பது. அப்படி ஒரு வரி இருந்ததற்குச் சான்று இல்லை. ஆட்களிடம் துணி குறைவு, இருந்ததை மர பீரோவிலும் கொக்கியிலும் வைத்தார்கள். அந்தக் கதை சொல்லப்படும் அறையிலேயே ஒரு சுவர் அலமாரி இருப்பதை நான் பார்த்திருக்கிறேன்.

இதற்காக அவரை எல்லார் முன்னாலும் திருத்த வேண்டாம். முந்தைய வீட்டுக்காரர் அவருக்குச் சொன்னது, அவருக்கு முந்தையவர் அவருக்குச் சொன்னது.

இந்தப் பளிச் வண்ணங்கள் அந்தக் காலத்திலேயே இருந்தனவா?

இவ்வளவு பளிச்சென்று இல்லை. இத்தாலிய பாணி வீடுகளில் கல்போலத் தெரிய வேண்டும் என்று பெயிண்டில் மணல் கலந்துகூட அடித்தார்கள். பின்னர் மண் நிறங்கள், ஆழ்ந்த பச்சை, பழுப்பு வந்தன. அதன்பின் பல பத்தாண்டுகள் வெள்ளையும் சாம்பலுமாகக் கிடந்தன. 1963-இல் புட்ச் கார்டம் என்ற ஓவியர் தன் வீட்டுக்கு நீலமும் பச்சையுமாக அடித்தார். பக்கத்து வீட்டார் சிலர் முகம் சுளித்தார்கள், சிலர் நம் வீட்டுக்கும் அடியுங்கள் என்றார்கள். அங்கிருந்து பிடித்த அலை இது. 'பெயிண்டட் லேடீஸ்' என்ற பெயரே 1978-இல் வந்த ஒரு புத்தகத்தால்தான் நிலைத்தது.

ஒரு வீட்டில் பின்வாசல் ஓரத்தில் உள்ளங்கை அகலத்துக்கு ஓர் இடத்தைப் படிப்படியாகச் சுரண்டி, உப்புத்தாள் போட்டு அப்படியே விட்டிருந்தார்கள். மேலே இன்றைய மஞ்சள். அடியில் வெள்ளை, மறுபடி வெள்ளை, ஒரு சாம்பல், பாசிப்பச்சை, கடைசியில் காப்பிப் பொடி நிறம், அதற்கடியில் மரத்தின் சிவப்பு. மரம் வெட்டிய குறுக்கில் வளையம் பார்ப்பதுபோல இருந்தது. இதை நீங்கள் வீட்டில் முயலாதீர்கள். அமெரிக்காவில் வீட்டுப் பெயிண்டில் ஈயம் 1978 வரை தடை செய்யப்படவில்லை. பழைய அடுக்கைச் சுரண்டினால் தூசி விஷம். குழந்தையை அந்தப் பக்கம் விரல் வைக்கவும் விடக் கூடாது.

காப்பாற்றியதைப் பற்றியே பேசுகிறீர்கள். இடித்ததும் உண்டல்லவா?

உண்டு, அதைச் சொல்லாமல் இந்தத் தெருக்களில் நடப்பது நியாயமில்லை. அலாமோ சதுக்கத்தைச் சுற்றிய வெஸ்டர்ன் அடிஷன், ஃபில்மோர் பகுதிகளில் ஜப்பானிய அமெரிக்கர்கள் வாழ்ந்தார்கள். 1942-இல் அரசு அவர்களைப் பிடித்து முகாம்களுக்கு அனுப்பியது. காலியான வீடுகளுக்குக் கப்பல் பட்டறை வேலைக்கு வந்த கறுப்பின மக்கள் குடிவந்தார்கள். மற்ற பகுதிகளில் அவர்களுக்கு வீடு கொடுக்க மறுத்தார்கள். ஜாஸ் இசையும் கடைத் தெருவுமாக அவர்கள் ஃபில்மோரை எழுப்பினார்கள். 1950-களில் தொடங்கி 1970-கள் வரை 'மறுசீரமைப்பு' என்ற பெயரில் நகர நிர்வாகம் அந்தப் பகுதியைத் தெருத் தெருவாக இடித்தது. ஆயிரக்கணக்கான குடும்பங்கள் வெளியேறின. திரும்பி வரலாம் என்று கொடுத்த சான்றிதழ்கள் பெரும்பாலானோருக்குப் பயன்படவில்லை. விக்டோரியன் வீடுகளும் ஆயிரக்கணக்கில் போயின. சிலவற்றை மட்டும் லாரியில் ஏற்றி வேறு மனைக்கு நகர்த்திக் காப்பாற்றினார்கள்.

அதனால் வீட்டுக்காரரிடம் "உங்களுக்கு முன்னால் இங்கே யார் இருந்தார்கள்?" என்று கேட்கும்போது, கட்டிய பணக்காரரோடு நிறுத்திவிடாதீர்கள். அறை அறையாக வாடகைக்கு இருந்தவர்கள் யார், அவர்கள் எங்கே போனார்கள் என்றும் கேளுங்கள். நகர முகவரிப் புத்தகங்களையும் மக்கள் தொகைக் கணக்கெடுப்பையும் புரட்டி அந்தப் பெயர்களையும் தேடி எழுதி வைத்திருக்கும் வீட்டுக்காரர்கள் இருக்கிறார்கள். பின்படிக்கட்டு இருக்கும் வீடுகளில் அதில் ஏறி இறங்கிய அயர்லாந்துப் பணிப்பெண்ணையும் சீனச் சமையல்காரரையும் கணக்கெடுப்புத் தாள்தான் காட்டிக்கொடுக்கும்.

விளக்கின் ஒரு கை மேலேயும் ஒரு கை கீழேயும் பார்ப்பது ஏன்?

மேலே பார்ப்பது எரிவாயு, கீழே பார்ப்பது மின்சாரம். எரிவாயுச் சுடர் மேல்நோக்கித்தான் எரியும், பல்புக்கு அந்தக் கட்டாயம் இல்லை. மின்சாரம் புதிதாக வந்தபோது அதை நம்பாமல் இரண்டையும் ஒரே விளக்கில் வைத்தார்கள்.

மறுபடி நிலநடுக்கம் வந்தால்?

1989 அக்டோபர் 17-இல் லோமா பிரீயட்டா நிலநடுக்கம் வந்தது, அளவு 6.9. மரச் சட்டம் வளைந்து கொடுக்கும். ஆனால் பழைய வீடுகள் பல செங்கல் அடித்தளத்தின்மேல் வெறுமனே உட்கார்ந்திருந்தன. ஆடினால் வீடு உடையாது, நழுவும். அதனால் புது அடித்தளம் போட்டு, அடிச்சட்டத்தை அதனோடு போல்ட் போட்டு இறுக்கி, கீழ்த்தளக் குட்டைச் சுவர்களுக்குப் பிளைவுட் அறைந்து பலப்படுத்துகிறார்கள். வீட்டுக்காரர் கீழ்த்தளத்தைக் காட்டவா என்று கேட்டால் வேண்டாம் என்று சொல்லாதீர்கள். பணம் அதிகம் போன இடம் அதுதான், யாரும் பார்க்கக் கேட்காத இடமும் அதுதான்.

வயதான அப்பா அம்மாவைக் கூட்டிப் போகலாமா?

தெருவிலிருந்து வாசலுக்கே பத்துப் பன்னிரண்டு படி இருக்கும், செங்குத்தாக. உள்ளே லிஃப்ட் இருக்காது. முழங்கால் வலி இருந்தால் முன்கூடம் வரை கூட்டிப் போய் உட்கார வைக்க முடியுமா என்று முன்பே கேளுங்கள். குழந்தை வண்டியை வாசலில் விட வேண்டியிருக்கும். ஃப்ரீமாண்ட் பக்கமிருந்து வருகிறவர்கள் பார்ட் ரயிலில் சிவிக் சென்டரில் இறங்கி பஸ் பிடிப்பது நல்லது, காரை நிறுத்த இடம் கிடைக்காது.

படம் எடுக்கலாமா? விலை கேட்கலாமா?

படத்துக்கு அனுமதி கேளுங்கள். மறுத்தால் காரணம் கேட்காதீர்கள், உள்ளே என்ன இருக்கிறது என்று ஊருக்குத் தெரிய வேண்டாம் என்று நினைப்பது நியாயம்தான். விலையைக் கேட்காதீர்கள். ஒரு வேலைக்கு எவ்வளவு ஆயிற்று என்று கேட்கலாம், அதைச் சொல்ல அவர்களுக்கு ஆசைதான்.

சான் ஹோசேயில் இருக்கும் வின்செஸ்டர் மாளிகை இதில் சேருமா?

அது வேறு அனுபவம். துப்பாக்கி நிறுவன வாரிசான சாரா வின்செஸ்டர் 1886-இல் வாங்கிய பண்ணை வீட்டைப் பெரிதாக்கிக்கொண்டே போய் 1922-இல் இறந்தார். அடுத்த ஆண்டே காட்சிக்குத் திறந்துவிட்டார்கள். ஆவிகளுக்குப் பயந்து கட்டினார் என்ற கதை டிக்கெட்டோடு சேர்ந்து வருகிறது, அவர் கைப்பட அப்படி எழுதிய ஒரு வரியும் இல்லை. நான் அங்கே போகிறவர்களிடம் கண்ணாடி வேலையையும் மரவேலையையும் பாருங்கள் என்றுதான் சொல்வேன். அந்த அம்மாவுக்குக் கட்டடக் கலையில் இருந்த ஆசை அதில் தெரியும்.

கிளம்பும்போது ஏதாவது கொடுக்க வேண்டுமா?

சீட்டு வாங்கிப் போனால் பணம் சங்கத்துக்குப் போய்விடும், வீட்டுக்காரருக்கு எதுவும் தர வேண்டாம். அன்று எடுத்த படங்களில் அவருடைய வேலை தெரியும் ஒன்றை, அந்தக் கதவோ சன்னலோ, அச்சுப் போட்டு இரண்டு வரி எழுதி அனுப்புங்கள். அந்த இரட்டைக் கதவு அம்மாவுக்கு நான் அப்படி ஒன்று அனுப்பினேன். அடுத்த முறை போனபோது அது வீட்டு நடையில், பழைய படங்களுக்குப் பக்கத்தில் மாட்டியிருந்தது.